ஈரமும் வெப்பமும் மிகுந்த இடத்தில் மரம் நடுதல்: எந்த மரம், எங்கே, எப்படி

கோடையில் வியர்வை காயாத புழுக்கம், தாராளமான மழை, குளிர்காலத்தில் சில இரவுகள் உறைபனி. ஈரமான துணை வெப்பமண்டலப் பகுதியின் இயல்பு இது. மிக வெப்பமான மாதத்தின் சராசரி 22 டிகிரி செல்சியசுக்கு மேலும், மிகக் குளிர்ந்த மாதத்தின் சராசரி 18 டிகிரிக்குக் கீழும் இருந்தால் அந்த இடம் பெரும்பாலும் இந்தக் கணக்கில் வரும். ஆஸ்திரேலியாவின் கிழக்குக் கரை, தென்சீனா, தெற்கு பிரேசில், அமெரிக்காவின் தென்கிழக்கு, இமயத்தின் அடிவாரச் சமவெளி ஆகியவை எல்லாம் இந்த வகைதான்.

இத்தகைய இடத்தில் மரம் தழைப்பது கடினமே இல்லை. ஒரே பருவத்தில் ஆள் உயரத்துக்குப் போகும் கன்றுகள் உண்டு. அதனால்தான் பலரும் வடிகாலைப் பார்க்காமல் நட்டுவிடுகிறார்கள். இங்கே மரங்கள் பெரும்பாலும் காய்ந்து சாவதில்லை. வேர் மூச்சு முட்டியோ புயலில் பிளந்தோதான் சாகின்றன. தண்ணீருக்குள் ஆக்சிஜன் பரவும் வேகம் காற்றில் பரவும் வேகத்தில் ஏறக்குறைய பத்தாயிரத்தில் ஒரு பங்குதான். மண் சூடாக இருக்கும்போது வேர் வேகமாகச் சுவாசிக்கும். இருக்கும் ஆக்சிஜனும் விரைவில் தீரும். குளிர்காலத்தில் இரண்டு வாரம் தேங்கிய நீரைத் தாங்கிய மரம் கோடையில் இரண்டு மூன்று நாளில் வாடி விழுவதற்கு இதுவே காரணம். வாடியதைப் பார்த்து இன்னும் தண்ணீர் ஊற்றினால் கதை முடிந்தது.

ஆகவே மரத்தைத் தேர்ந்தெடுக்கும் முன் மண்ணைச் சோதியுங்கள்.

முதலில் ஒரு குழி

நட நினைக்கும் இடத்தில் 30 செ.மீ. அகலம், 40 செ.மீ. ஆழத்துக்கு ஒரு குழி தோண்டி, விளிம்பு வரை நீர் நிரப்பி வடியவிடுங்கள். சுற்றியுள்ள மண் ஊறுவதற்கு இந்த முதல் நீர். வடிந்ததும் மறுபடி நிரப்பி, ஒரு குச்சியில் அளவு குறித்து, மணிக்கு எத்தனை செ.மீ. இறங்குகிறது என்று பாருங்கள். 2.5 செ.மீ.க்கு மேல் இறங்கினால் பெரும்பாலான மரங்களை நடலாம். 1 செ.மீ.க்கும் குறைவென்றால் அங்கே நீர் தாங்கும் மரம் மட்டுமே, அல்லது மேடு போட்டு நட வேண்டும். மழைக்காலத்தில் தானாகவே குழிக்குள் நீர் ஊறினால் நிலத்தடி நீர் அவ்வளவு மேலே நிற்கிறது என்று பொருள். அந்த இடத்தில் ஆழமாக வேர்விடும் பழமரத்தை நினைக்கவே வேண்டாம்.

வீடு கட்டிய மனைகளில் இன்னொரு சிக்கல் உண்டு. லாரிகள் ஏறி இறங்கிய மண் இறுகிப்போய், மேலே கொட்டிய நல்ல மண்ணுக்கு 20 செ.மீ. கீழே தகடு போல் கிடக்கும். குழி சோதனையில் இது உடனே தெரிந்துவிடும். கடப்பாரையால் அந்தத் தகட்டை அகலமாக உடைத்துவிடாமல் எந்த மரத்தையும் நடாதீர்கள்.

நீர் நிற்கும் இடத்துக்கு

முதலிடம் சதுப்பு சைப்ரஸுக்கு. ஊசியிலை மரமாக இருந்தும் குளிர்காலத்தில் இலை உதிர்க்கும். தேங்கிய நீரிலும் நிற்கும், சாதாரணத் தோட்ட மண்ணிலும் நன்றாக வளரும். உறைபனியும் அதை ஒன்றும் செய்யாது. புயலைத் தாங்கும் மரங்களில் இதற்கு நல்ல பெயர் உண்டு. ஈர மண்ணில் வேரிலிருந்து முட்டி போன்ற முளைகள் தரைக்கு மேலே கிளம்பும், ஆகவே நடைபாதைக்கும் புல்வெளிக்கும் அருகில் வைக்காதீர்கள்.

நீர்மருது ஆற்றங்கரை மரம், பெயரே சொல்லிவிடுகிறது. பூமருது ஈரத்தைப் பொறுத்துக்கொள்ளும், கோடையில் ஊதாப் பூவாகப் பூத்துத் தள்ளும். நாவல் வெள்ளத்தையும் வறட்சியையும் ஒருசேரத் தாங்கும். ஆனால் பழம் விழுந்த இடமெல்லாம் கறை, எனவே வண்டி நிறுத்துமிடத்துக்கு மேல் வேண்டாம். புங்கம் உப்பு மண்ணையும் தேங்கிய நீரையும் தாங்குவதோடு வேர்முடிச்சுகளால் தழைச்சத்தையும் சேர்க்கும். இந்த நான்கும் வெப்பமண்டலப் பக்கம் சாய்ந்தவை. உறைபனி விழும் இடமானால் முதல் இரண்டு மூன்று குளிர்காலம் இளங்கன்றுகளைப் போர்த்திக் காக்க வேண்டும்.

நிழலுக்கு

தரையில் பெரிய இடம் இருக்கிறதென்றால் பசுமை ஓக் மரத்துக்கு இணை குறைவு. உயரத்தைவிடக் குடை அகலமாகப் பரவும்; முதிர்ந்த மரத்தின் குடை 25 மீட்டரையும் தாண்டும். அதனால் கட்டடத்திலிருந்து குறைந்தது 10 மீட்டர் தள்ளித்தான் நட வேண்டும். சின்ன மனையில் இதை நட்டு, பிறகு ஆண்டுதோறும் வெட்டிக்கொண்டிருப்பது மரத்துக்குச் செய்யும் கொடுமை.

பெரும்பூ மக்னோலியாவும் நம் செண்பகமும் ஒரே பேரினம். முன்னது குளிரை நன்றாகத் தாங்கும், பூ 20 முதல் 30 செ.மீ. அகலம் வரை விரியும். தடித்த இலைகள் ஆண்டு முழுக்க உதிரும், மெதுவாகத்தான் மட்கும். அடிக்கிளைகளை வெட்டாமல் தரை வரை விட்டால் இலைகள் அதன் கீழேயே விழுந்து தானே மூடாக்காகிவிடும். செண்பகத்துக்கு வடிகால் கட்டாயம். அதன் விதையைச் சுற்றியுள்ள சிவப்புச் சதையைத் தேய்த்து நீக்கிவிட்டு உடனே விதையுங்கள். காயவிட்டால் முளைப்புத்திறன் போய்விடும். மகிழம் மெதுவாக வளரும். அடர்ந்த நிழலும் வலுவான கட்டையும் வேண்டுமென்றால் அந்தத் தாமதம் பொறுக்கத் தக்கது.

ஆலும் அரசும் எங்கும் தழைக்கும். ஆனால் வேர் கழிவுநீர்க் குழாயின் இணைப்புகளைத் தேடிப் போகும், சுவரின் வெடிப்பில் முளைத்துச் சுவரையே பிளக்கும். திறந்த வெளி இருந்தால் மட்டும் நடுங்கள். தூங்குமூஞ்சியும் செம்மயிற்கொன்றையும் அழகான குடை விரிப்பவைதான். ஆனால் வேர் மேலாகப் பரவும், கிளை எளிதில் முறியும். புயல் வரும் கரையோரத்தில் இவற்றை வீட்டுப் பக்கம் வைப்பது சரியல்ல.

பூவுக்கு

பூமருதின் இனத்தைச் சேர்ந்த கிரேப் மிர்ட்டில் இந்தத் தட்பவெப்பத்துக்கென்றே பிறந்தது போன்ற மரம். நீண்ட கோடைப் பூ, உரிந்து மினுங்கும் பட்டை, புயலைத் தாங்கும் உடல், உறைபனிக்கும் அஞ்சாத குணம். ஒரே குறை, பழைய ரகங்களில் இலையும் மொட்டும் வெள்ளைப் பொடி பூத்ததுபோல் சாம்பல் நோயில் மூடிவிடும். ஜப்பானியச் சிற்றினம் ஒன்றோடு கலப்பு செய்து அமெரிக்கத் தேசிய மரத்தோட்டத்தில் நோய் தாங்கும் ரகங்களை உருவாக்கினார்கள். 1978இல் வெளிவந்த ‘நாச்செஸ்’ அவற்றில் பெயர்பெற்றது. வெண்பூ, இலவங்கப் பட்டை நிறத்தில் அடிமரம், ஏறக்குறைய 9 மீட்டர் உயரம். கன்று வாங்கும்போது ரகத்தின் பெயரையும் முதிர்ந்த உயரத்தையும் கேட்டு வாங்குங்கள், ஏனென்றால் இதில் 1 மீட்டர் குட்டை ரகமும் உண்டு.

இதற்குத் தினமும் ஆறு மணி நேர நேரடி வெயில் வேண்டும். நிழலில் நட்டால் பூவும் குறையும், சாம்பல் நோயும் வரும். அந்த ஆண்டு வளரும் தளிரின் நுனியில்தான் பூக்கும், ஆகவே கவாத்துக்கு ஏற்ற நேரம் குளிர்காலத்தின் கடைசி. ஒன்றோடொன்று உரசும் கிளை, தூரில் கிளம்பும் முளை, காய்ந்த குச்சி ஆகியவற்றை மட்டும் எடுங்கள். ஆண்டுதோறும் தலையை ஒரே உயரத்தில் மொட்டையடிக்கும் பழக்கம் எங்கும் இருக்கிறது. அதனால் வெட்டிய இடத்தில் முண்டு முண்டாகப் புடைத்து, மெலிந்த தளிர்கள் பூவின் பாரம் தாங்காமல் மழையில் தொங்கும். இலைமேல் கரி படிந்தால் அது அசுவினி கழிக்கும் தேன் மீது வளரும் பூஞ்சை. நீரை வேகமாகப் பீய்ச்சி அசுவினியைப் போக்கினால் கரியும் போகும்.

சரக்கொன்றைக்கு வடிகாலும் பூப்பதற்கு முன் சற்று வறட்சியும் தேவை. மந்தாரை எளிது, எங்கும் வரும்.

பழத்துக்கு

எலுமிச்சை, ஆரஞ்சு இனங்களில் சாத்சுமா மாண்டரின் குளிரை நன்கு தாங்கும். மூவிலை நாரத்தை வேர்க்கன்றின் மேல் ஒட்டியதாகக் கேட்டு வாங்குங்கள். அந்த வேர்க்கன்று குளிரைத் தாங்கும் திறனைக் கூட்டும். ஒட்டுக்குக் கீழே மூன்று சிற்றிலை கொண்ட முளை வந்தால் அது வேர்க்கன்றின் முளை, கண்டதும் பிய்த்தெறியுங்கள். ஒட்டுப்பகுதி தரைக்கு மேல் குறைந்தது 15 செ.மீ. இருக்க வேண்டும், மண்ணுக்குள் புதைந்தால் பட்டை அழுகி, பிசின் வடிந்து, மரம் போய்விடும். இன்னொரு பெரிய ஆபத்து பசுமையாதல் நோய். சைலிட் என்னும் சாறு உறிஞ்சும் சிறு பூச்சி பரப்பும் பாக்டீரியா அது, மருந்து கிடையாது. இலையின் நடு நரம்புக்கு இருபுறமும் ஒரே மாதிரி இல்லாமல் திட்டுத் திட்டாக மஞ்சளிக்கும். சத்துக் குறைபாட்டில் இரு பக்கமும் ஒத்த மஞ்சள் வரும். இந்த வேறுபாட்டைக் கவனித்தால் வீணாக உரம் கொட்ட மாட்டீர்கள். நோயற்றது எனச் சான்று பெற்ற கன்று ஒன்றே பாதுகாப்பு.

லிச்சிக்குப் பூக்கும் முன் குளிரும் வறட்சியும் வேண்டும். இலையுதிர் காலத்தில் நீரும் தழைச்சத்தும் கொடுத்துக்கொண்டே இருந்தால் புதுத் துளிர் விட்டு அந்த ஆண்டு பூக்காது. விண்பதியம் போட்ட கன்றை நடுங்கள். விதைக்கன்று காய்க்க நெடுங்காலம் ஆகும். இளங்கன்று பூஜ்ய டிகிரிக்குக் கீழே கருகிவிடும்.

வெண்ணெய்ப்பழ மரம் தேங்கிய நீரை இரண்டு நாள்கூடத் தாங்காது. வேரழுகல் பூஞ்சணத்தின் வித்துகள் மண்ணிலுள்ள நீரில் நீந்தியே வேரை அடைகின்றன, ஆகவே மேடு போடாமல் நடக்கூடாது. குளிருக்கு மெக்சிகோ வகை சிறந்தது. அதன் இலையைக் கசக்கினால் சோம்பு வாசம் வரும். இதன் பூ ஒரு நாள் பெண்ணாகவும் மறுநாள் ஆணாகவும் திறக்கும். ‘ஏ’ வகை காலையில் பெண், மறுநாள் பிற்பகலில் ஆண். ‘பி’ வகை பிற்பகலில் பெண், மறுநாள் காலையில் ஆண். இரண்டையும் அருகருகே வைத்தால் காய்ப்பு கூடும்.

லோகாட் மரம் மைனஸ் 10 டிகிரி வரை தாங்கும். ஆனால் அது குளிர்காலத்தில் பூப்பது. விரிந்த பூவும் பிஞ்சும் மைனஸ் 3, 4 டிகிரியிலேயே கருகும். மரம் பச்சையாக நின்றும் காய்க்கவில்லை என்றால் காரணம் பெரும்பாலும் இதுதான். மாமரத்துக்குப் பூக்கும் சமயத்து மழையே எதிரி. பூங்கொத்து கருகிக் கொட்டும். பூங்கொத்து நீளத் தொடங்கும்போதும் பூ விரியுமுன் ஒருமுறையும் பூஞ்சைக்கொல்லியான போர்டோ கலவையை 1 சதவீத அளவில் தெளிக்கலாம். 100 கிராம் மயில்துத்தத்தை 5 லிட்டர் நீரிலும், 100 கிராம் நீற்றிய சுண்ணாம்பை 5 லிட்டர் நீரிலும் தனித்தனியே பிளாஸ்டிக் வாளியில் கரைத்து, துத்தக் கரைசலைச் சுண்ணாம்பில் ஊற்றிக் கலக்குங்கள். சுத்தமான இரும்புக் கத்தியை ஒரு நிமிடம் முக்கி எடுத்தால் செம்பு படியக் கூடாது. படிந்தால் சுண்ணாம்பு போதவில்லை, இலை கருகும். அன்றே தெளித்துத் தீர்த்துவிட வேண்டும்.

பெர்சிமன் அதிகத் தொல்லையில்லாமல் காய்க்கும், கொய்யாவும் அப்படியே. பலாவை முடிந்தால் நிற்கும் இடத்திலேயே விதையுங்கள். ஆணிவேர் பையில் சுருண்டால் பிறகு சரிவர இறங்காது.

நடக்கூடாதவை

இந்தத் தட்பவெப்பத்தில் நன்றாக வளர்வதாலேயே காட்டை விழுங்கும் மரங்கள் உண்டு. கற்பூர மரம் கிழக்கு ஆஸ்திரேலியாவிலும் பிளோரிடாவிலும், மெழுகு மரம் அமெரிக்காவின் வளைகுடாக் கரையிலும், சவுக்கு பிளோரிடாவின் கடற்கரையிலும் களையாகிப்போனவை. சுபாபுல் பல நாடுகளில் அப்படியே. மேலே பரிந்துரைத்த நாவல், புங்கம் போன்றவையும் தாயகத்துக்கு வெளியே சில இடங்களில் தடைப் பட்டியலில் இருக்கின்றன. வாங்குமுன் உங்கள் பகுதியின் அந்நியத் தாவரப் பட்டியலைப் பாருங்கள்.

நடும் முறை

இலையுதிர் மரங்களைக் குளிர்கால உறக்கத்தில் நடலாம். குளிருக்கு அஞ்சும் பசுமை மரங்களைக் கடைசி உறைபனி கழிந்த பின் நடுங்கள். கொட்டும் மழையில் குழி தோண்டாதீர்கள். ஈரக் களிமண்ணில் மண்வெட்டி பட்ட பக்கம் பூசி மெழுகியதாகிவிடும், வேர் அதைத் துளைக்காது. தெரியாமல் அப்படி ஆகிவிட்டால் முள்கரண்டியால் பக்கங்களைக் கீறிவிடுங்கள்.

பையிலிருந்த கன்றின் மேல்மண்ணை விரலால் விலக்கி முதல் பக்கவேர் எங்கே தொடங்குகிறது என்று தேடுங்கள். பல கன்றுகளில் அது 5 செ.மீ. அடியில் புதைந்திருக்கும். அதுவரை மேல்மண்ணை எடுத்துவிட்டு, அங்கிருந்துதான் ஆழத்தை அளக்க வேண்டும். குழியின் அகலம் வேர்மண்ணைப் போல இரண்டு மூன்று மடங்கு. ஆழம் வேர்மண்ணின் உயரத்தைவிட 3 முதல் 5 செ.மீ. குறைவு. கன்றை வைத்தபின் தூர் விரியும் இடம் தரைக்கு 3 முதல் 5 செ.மீ. மேலே தெரிய வேண்டும். வடிகால் குறைந்த மண்ணில் வேர்மண்ணின் மேல் மூன்றிலொரு பங்கு வெளியே நிற்கும்படி வைத்து, ஒன்றரை மீட்டர் அகலத்துக்குச் சரிவாக மண்ணை அணையுங்கள். இந்த ஒரு வேலை மட்டும் சரியாக நடந்தால் பாதிக் கன்றுகள் பிழைத்துவிடும்.

வேர்மண்ணின் வெளிப்புறத்தில் வட்டமாகச் சுற்றிய வேர்களைக் கூரிய கத்தியால் 2 செ.மீ. கனத்துக்குச் சீவி எடுங்கள். பயப்பட வேண்டாம், புது வேர் நேராகக் கிளம்பும். சீவாமல் விட்டால் பத்து ஆண்டு கழித்து அதே வேர் தண்டை நெரிக்கும், அல்லது ஒரு காற்றில் மரம் அடியோடு சாயும்.

குழியின் அடியில் தொழுவுரம் போடாதீர்கள். அது மட்கி இறங்கும்போது கன்றும் சேர்ந்து புதையும். சரளையும் வேண்டாம்: நீர் சரளைக்குள் இறங்காமல் அதன் மேலுள்ள மண்ணிலேயே நின்று குழி தொட்டியாகிவிடும். தோண்டிய மண்ணையே திருப்பிப் போட்டு, உரத்தைத் தரைமேல் தூவி, 7 செ.மீ. கனத்துக்கு மூடாக்குப் பரப்புங்கள். தண்டைச் சுற்றி ஒரு சாண் அகலம் வெறுமையாக இருக்கட்டும். தண்டில் குவித்த மூடாக்கில் பட்டை அழுகுவதை எங்கும் காணலாம்.

தண்டின் கனம் 2.5 செ.மீ. என்றால் ஒரு முறைக்கு 10 லிட்டர் நீர். மழை இல்லாவிட்டால் முதல் இரண்டு வாரம் தினமும், அடுத்த இரண்டு மாதம் ஒரு நாள் விட்டு ஒரு நாள், பிறகு வாரம் ஒருமுறை. விரலை வேர்மண்ணுக்குள் விட்டுப் பாருங்கள். ஈரம் ஒட்டினால் அன்றைக்கு வேண்டாம்.

உறைபனி இரவு

கோடை முடிந்ததும் தழைச்சத்தை நிறுத்திவிட்டால் தளிர் முற்றிக் குளிரைத் தாங்கும். உறைபனி அறிவிப்பு வந்த அன்று பகலில் மண்ணை நனைத்து, மூடாக்கை விலக்கிவிடுங்கள்; ஈர மண் பகல் சூட்டை வாங்கி இரவில் விடும். துணியைத் தரை வரை தொங்கவிட்டு மூடுங்கள். இலையில் தொடும் பிளாஸ்டிக் தாள் இலையைக் கருக்கும். கருகிய கிளையை உடனே வெட்டக்கூடாது. வசந்தத்தில் எங்கே துளிர்க்கிறது என்று பார்த்தபின்தான் வெட்டும் இடம் தெரியும்.

புயலுக்கு முன்னும் பின்னும்

புயலைத் தாங்கும் மரத்தை முதல் ஐந்தாறு ஆண்டுக் கவாத்தில்தான் உருவாக்க முடியும். நடுத்தண்டு ஒன்றே இருக்க வேண்டும். சம கனத்தில் இரண்டு தண்டு கவையாக எழுந்து, நடுவில் பட்டை உள்மடங்கியிருந்தால் அந்த இடம்தான் பிளக்கும். ஒன்றை இளமையிலேயே பாதியாகக் குறைத்து, அடுத்த ஆண்டு நீக்குங்கள். பக்கக்கிளையின் கனம் தண்டின் பாதியைத் தாண்டக் கூடாது. பெரிய மரமாகப் போவதில் நிலையான கிளைகளுக்கு இடையே அரை மீட்டராவது இடைவெளி விடுங்கள். ஒரே ஆண்டில் தழையில் கால் பங்குக்கு மேல் எடுக்காதீர்கள். உள்கிளைகளை எல்லாம் வழித்து நுனியில் மட்டும் தழை விட்டால் காற்றின் விசை முழுவதும் நுனியில் விழுந்து கிளை முறியும்.

பெரிய கிளையை மூன்று வெட்டில் எடுங்கள். தண்டிலிருந்து 30 செ.மீ. தள்ளி அடியிலிருந்து ஒரு கீறல். அதற்குச் சற்று அப்பால் மேலிருந்து முழு வெட்டு. கடைசியாக, கிளை தொடங்கும் இடத்தில் புடைத்திருக்கும் வளையத்தை விட்டுவிட்டு எஞ்சிய குட்டையை எடுப்பது. அந்த வளையம்தான் காயத்தை மூடும் திசு. வெட்டுவாயில் பெயிண்ட், தார் எதுவும் பூச வேண்டாம். ஈரத்தை உள்ளே பிடித்துவைத்து அழுகலுக்கே உதவும்.

தனித்து நிற்பதைவிடச் சிறு கூட்டமாக நட்ட மரங்கள் புயலில் அதிகம் பிழைக்கின்றன. இடம் இருந்தால் வரிசையை விட்டுவிட்டுக் கொத்தாக நடுங்கள். முட்டுக்கம்பு நிற்கவே முடியாத கன்றுக்கு மட்டும். இரண்டு கம்பு, இளக்கமான துணிப்பட்டை, ஒரே ஆண்டு. தண்டு ஆடினால்தான் தூர் கனக்கும்.

புயலில் சாய்ந்த இளமரத்தை, தண்டு 10 செ.மீ. கனத்துக்குள் இருந்தால், காப்பாற்றலாம். வெளியே வந்த வேரை ஈரச் சாக்கால் மூடிவையுங்கள். முறிந்த வேர்நுனிகளை நேராக வெட்டி, சாய்ந்த பக்கத்துக்கு எதிரே வேர் திரும்ப இறங்கும்படி மண்ணைத் தோண்டி, இரண்டு நாளுக்குள் நிமிர்த்தி, மூன்று பக்கம் கயிறு கட்டுங்கள். பிறகு புதுக்கன்றுக்கு ஊற்றுவதுபோல் நீர். அந்த ஆண்டு உரம் வேண்டாம். ஓராண்டு கழித்துக் கயிற்றைத் தளர்த்தி அசைத்துப் பாருங்கள். தூரில் மண் பிளந்தால் இன்னும் ஒரு பருவம் கட்டியே விடுங்கள். இதைவிடப் பெரிய மரம் வேரோடு சாய்ந்திருந்தால் நிமிர்த்தினாலும் பிடிப்பு திரும்பாது, அடுத்த காற்றில் ஆள்மேல் விழும். அதை எடுத்துவிட்டு அந்த இடத்தில் புதுக்கன்று நடுவதே சரி.